ஒரே தெருவில் 6,000 பேரா? போலந்தின் சுவொஷோவா

கேள்வி இது: "போலந்தில் ஒரு கிராமத்தில் 6,000 பேரும் ஒரே தெருவில் குடியிருக்கிறார்களாம். நடுவில் ஒரு சாலை, இருபுறமும் ஜமக்காளம் விரித்தாற்போல் கோடு கோடாக வயல்கள் என்று ஒரு படம் வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. நிஜ ஊரா, கணினியில் வரைந்ததா? நிஜம் என்றால் ஏன் அப்படிக் கட்டினார்கள்?"

ஊர் நிஜம். படமும் நிஜம். 6,000 என்ற எண்ணிக்கைதான் இடிக்கிறது. கிராகோவில் வேலை பார்த்த காலத்தில் நாலைந்து முறை அந்தப் பக்கம் போயிருக்கிறேன் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் பெயர். ஆங்கில எழுத்தைப் பார்த்துவிட்டு 'சுலோஸோவா' என்று படிக்கிறார்கள். போலிஷில் குறுக்கே கோடு போட்ட 'எல்' எழுத்து நம் 'வ' போல ஒலிக்கும்; எஸ், இஸட் இரண்டும் சேர்ந்தால் 'ஷ'. ஆகவே சுவொஷோவா. கிராகோவிலிருந்து வடமேற்கே சுமார் 30 கிலோமீட்டர். கிராகோவுக்கும் செஸ்டஹோவாவுக்கும் இடையே நீளும் சுண்ணாம்புக்கல் மேட்டுநிலத்தின் தென்பகுதியில் இருக்கிறது. ஜுராசிக் காலத்தில் கடலடியில் படிந்த பாறை அது. அதன்மேல், பனியுகத்தில் காற்று கொண்டுவந்து கொட்டிய நுண்மண் போர்வையாகப் படிந்திருக்கிறது. லோயெஸ் என்பார்கள். விரலால் நசுக்கினால் மாவு போல உதிரும். அடியில் கல், மேலே நல்ல மண். இந்த ஊரைப் புரிந்துகொள்ள இந்த இரண்டும் வேண்டும்.

எண்ணிக்கை விவகாரத்தை முடித்துவிடுகிறேன். போலந்தில் நம் ஊராட்சி ஒன்றியம் மாதிரி 'க்மினா' என்றொரு நிர்வாக அலகு உண்டு. சுவொஷோவா என்பது ஊரின் பெயர். அது தலைமையிடமாக உள்ள க்மினாவுக்கும் அதே பெயர். க்மினாவில் வியெல்மோஷா, வோலா கலினோஃப்ஸ்கா என்று இன்னும் இரண்டு கிராமங்கள் உண்டு. 2006 கணக்குப்படி மொத்த க்மினாவின் மக்கள்தொகை 5,819. பரப்பு 53 சதுர கிலோமீட்டர். யாரோ அந்த எண்ணை எடுத்து ஊரின் தலையில் வைத்துவிட்டார்கள். சுவொஷோவாவில் மட்டும் இருப்பவர்கள் அதைவிடக் கணிசமாகக் குறைவு. அப்புறம், ஒரே தெரு என்பதும் கொஞ்சம் இழுத்துச் சொன்னதுதான். பிரதான சாலையிலிருந்து சின்னச் சின்னக் கிளைகள் பிரிகின்றன. நிர்வாக வசதிக்காக ஊரை சுவொஷோவா ஒன்று, இரண்டு, மூன்று என்று பிரித்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு ஊர்த்தலைவரை வைத்திருக்கிறார்கள். இருந்தாலும் பெரும்பாலான வீடுகள் ஒரே சாலையை ஒட்டி ஏறக்குறைய 9 கிலோமீட்டருக்கு வரிசையாக நிற்கின்றன என்பது உண்மை. ஒரு முனையில் இருப்பவர் மறுமுனையில் இருக்கும் சித்தப்பா வீட்டுக்குப் போக வண்டி எடுத்தாக வேண்டும்.

சரி, ஏன் வரிசையாக? இதற்குத் தண்ணீர்தான் காரணம். சுண்ணாம்புப் பாறை முழுக்க வெடிப்பும் துளையுமாக இருக்கும். மேட்டில் பெய்கிற மழை நிற்காது; உள்ளே இறங்கிவிடும். இந்த மேட்டுநிலத்தில் பல கிராமங்கள் குழாய்த் தண்ணீர் வரும்வரை தொலைவிலிருந்து தண்ணீர் சுமந்தவைதான். சுவொஷோவாவுக்கு அந்தக் கஷ்டம் இல்லை. ப்ரோன்த்னிக் என்ற சிற்றாறு இங்கேதான் ஊற்றெடுக்கிறது. இந்தப் பள்ளத்தாக்கு வழியாகத் தெற்கே இறங்கி, கிராகோவில் விஸ்துலா ஆற்றில் கலக்கிறது. மேட்டில் வீடு கட்டினால் குடிக்கத் தண்ணீர் இல்லை. ஓடையருகே கட்டினால் எல்லோருக்கும் உண்டு. ஓடை ஓடிய கோட்டில் வீடுகள் வந்தன, வீடுகள் நின்ற கோட்டில் சாலை வந்தது. படத்தில் தெரு மெல்ல நெளிந்து நெளிந்து போகிறதல்லவா, அந்த நெளிவு பள்ளத்தாக்கினுடையது.

வயல்களின் கதைக்கு வருவோம். இடைக்காலத்தில் போலந்து மன்னர்களும் பிரபுக்களும் காட்டைத் திருத்திக் குடியேற்றங்கள் அமைத்தபோது, ஜெர்மன் நகரங்களிலிருந்து வந்த சட்டமுறையைக் கடைப்பிடித்தார்கள். ஒவ்வொரு குடியானவருக்கும் ஒரே அளவில் நிலம். அந்த அளவின் பெயர் 'வான்'. உச்சரிப்பு கிட்டத்தட்ட அப்படியே நம் வான்தான். பொருளோ நேர் எதிர், மண். இடத்துக்கு இடம் மாறினாலும் ஒரு வான் என்பது சுமார் 40 முதல் 60 ஏக்கர். அதைச் சதுரமாகக் கொடுக்கவில்லை. ஓடையிலிருந்து குறுக்காக மேடேறி, காட்டின் விளிம்புவரை ஒரு நீளப் பட்டையாக அளந்து கொடுத்தார்கள். யோசித்துப் பார்த்தால் நியாயமான ஏற்பாடு. ஒவ்வொருவருக்கும் கீழே கொஞ்சம் ஈரமான புல்வெளி, வீடு, சாலை. நடுவில் நல்ல மண். உச்சியில் கொஞ்சம் சரளையும் காடும். நல்லது கெட்டது எல்லாம் எல்லோருக்கும் உண்டு. ஒருவருக்குத் தண்ணீர்ப்பக்கம், இன்னொருவருக்குக் கல்மேடு என்ற பேச்சே எழாது. இப்படிப்பட்ட ஊரைப் போலிஷில் சங்கிலி ஊர் என்ற பொருளில் குறிப்பிடுவார்கள். வீடுகள் சங்கிலிக் கண்ணிகள் மாதிரி வரிசையில் வருவதால் அந்தப் பெயர்.

அந்தப் பட்டைகள் அகலமானவை. இன்று படத்தில் காண்பது அவற்றின் கொள்ளுப்பேரன் பேத்திகளை.

அப்பா இறந்தார், மூன்று பிள்ளைகள். பட்டையை எப்படிப் பிரிப்பது? குறுக்கே வெட்டினால் ஒருவருக்குச் சாலையும் வீடும், ஒருவருக்கு நடுவயல், ஒருவருக்கு மேடு. கடைசிப் பங்குக்காரர் தன் நிலத்துக்குப் போக அண்ணன் தம்பி நிலத்தை மிதித்தாக வேண்டும். நாலு நாளில் சண்டை. எனவே எப்போதும் நீளவாக்கில்தான் பிளப்பார்கள். மூவருக்கும் சாலைமுகம், மூவருக்கும் மேடு. அடுத்த தலைமுறையில் ஒவ்வொன்றும் மறுபடி இரண்டாக. நீளம் குறையவே குறையாது, அகலம் மட்டும் தேய்ந்துகொண்டே போகும். கல்யாணத்தில் பெண்ணுக்குக் கொடுத்த பட்டை எதிர்ப்புறம் போய்ச் சேரும். கடனுக்கு விற்றது வேறொருவருக்குப் போகும். இதனால் இன்று ஒரே குடும்பத்துக்கு அங்கொன்றும் இங்கொன்றுமாக நாலைந்து பட்டைகள் இருப்பது சாதாரணம்.

ஆனால் இந்தப் பங்குபிரிப்பு உண்மையில் வேகமெடுத்தது 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான். அதற்கு முன் குடியானவர்களுக்கு உழும் உரிமைதான், நிலம் பிரபுவுடையது. இங்கே அந்தப் பிரபு ஊரின் கீழ்க்கோடியில், பாறைமேல், பியெஸ்கோவா ஸ்காவா கோட்டையில் இருந்தார். பெயருக்கு 'நாய்க்குட்டிப் பாறை' என்று பொருள் சொல்லலாம். கோபுரத்தில் அடைத்துவைக்கப்பட்ட ஒரு பெண்ணுக்கு அவளுடைய நாய் உணவு கொண்டுபோய்க் கொடுத்தது என்ற கதையும் அதற்குத் தோதாக உண்டு. பாறையில் ஒரு காவலிடம் இருந்ததை 14ஆம் நூற்றாண்டின் தொடக்க ஆவணங்களே சொல்கின்றன. அந்த ஆவணங்களின் மன்னர் வொகியெடெக். அதற்கு 'முழ உயரக்காரர்' என்றே பொருள், குள்ளமானவர் போலிருக்கிறது. அவருடைய மகன் மூன்றாம் காசிமிர் கல்கோட்டை கட்டினார். 1377-இல் அது ஷஃப்ரானியெட்ஸ் குடும்பத்துக்குப் போனது. கோட்டைக்காரர்கள் எல்லாம் யோக்கியர்கள் என்று நினைக்க வேண்டாம். அந்தக் குடும்பத்து கிறிஸ்டோஃப் ஷஃப்ரானியெட்ஸ் வழிப்பறிக்காகப் பிடிபட்டு, 1484-இல் கிராகோவின் வாவெல் அரண்மனையில் தலை வெட்டப்பட்டார். 16ஆம் நூற்றாண்டில் அதே குடும்பத்தினர் கோட்டையை இத்தாலியப் பாணியில் மாற்றி, வளைவுத் தாழ்வாரங்கள் சூழ்ந்த அழகான முற்றம் ஒன்றைக் கட்டினார்கள். இன்றைக்கும் அந்த முற்றத்தில் அண்ணாந்து பார்த்தபடி ஐந்து நிமிடமாவது நிற்கத் தோன்றும். இப்போது அது வாவெல் அரண்மனை அருங்காட்சியகத்தின் கிளை.

கோட்டையையும் வயலையும் இணைக்கும் தேதி 1863 மார்ச் 4. ரஷ்யப் பேரரசுக்கு எதிரான ஜனவரி எழுச்சியின்போது இந்தப் பள்ளத்தாக்கில் கிளர்ச்சிக்காரர்களுக்கும் ஜார் படைக்கும் மோதல் நடந்தது. போலந்து அப்போது மூன்று பேரரசுகளிடையே பங்குபோடப்பட்டிருந்தது; சுவொஷோவா ரஷ்யப் பங்கு. எழுச்சியை முன்னின்று நடத்தியவர்களில் பெரும்பங்கு நிலக்கிழார் குடும்பத்துப் பிள்ளைகள். குடியானவர்கள் அவர்கள் பக்கம் சாய்ந்துவிடக் கூடாது என்று ஜார் ஒரு காய் நகர்த்தினார். 1864 மார்ச்சில், உழுபவருக்கே அவர் உழும் நிலம் சொந்தம் என்று ஆணை பிறப்பித்தார். ஆணையின் நோக்கம் சூழ்ச்சிதான். ஆனாலும் தலைமுறை தலைமுறையாக அடுத்தவர் நிலத்தில் குனிந்திருந்தவர்கள் கைக்கு நிலம் வந்தது. சொந்தம் வந்தால் பங்கும் வரும். பிள்ளைகள் நிறைய, வேறு பிழைப்புக் குறைவு. இரண்டு மூன்று தலைமுறையில் பட்டைகள் நாடாக்களாகிவிட்டன.

இங்கே பலரும் தவறவிடுகிற ஒன்றைச் சொல்ல வேண்டும். இப்படிப்பட்ட வயல்கள் ஐரோப்பாவில் வேறு இடங்களிலும் இருந்தன. போலந்தில் மட்டும் இவ்வளவு பரவலாக மிஞ்சியதற்குக் காரணம், கம்யூனிஸ்ட் ஆட்சி விவசாயிகளிடம் தோற்றதுதான். 1948-இலிருந்து கூட்டுப்பண்ணையில் சேரச் சொல்லி நெருக்கினார்கள்; கட்டாயக் கொள்முதல், வரி, மிரட்டல் எல்லாம் நடந்தது. கிராமங்கள் அசையவில்லை. 1956 அக்டோபரில் கோமுல்கா என்ற கம்யூனிஸ்ட் தலைவர் ஆட்சிக்கு வந்து பிடியைத் தளர்த்தியதும், இருந்த சுமார் 10,000 கூட்டுப்பண்ணைகளில் பெரும்பாலானவை சில மாதங்களிலேயே கலைந்துபோயின. கம்யூனிஸ்ட் காலம் முழுக்க நாட்டின் விளைநிலத்தில் ஏறக்குறைய முக்கால் பங்கு தனியார் கையிலேயே இருந்தது. நம்பிக்கை இல்லையென்றால் செயற்கைக்கோள் வரைபடத்தைத் திறந்து, கிராகோவிலிருந்து தெற்கும் மேற்குமாக செக் நாட்டு எல்லைவரை நகர்த்திப் பாருங்கள். எல்லை தாண்டியதும் வயல்கள் திடீரென்று பிரம்மாண்டமாகிவிடும். அங்கே கூட்டுப்பண்ணை வென்றது. வரப்பெல்லாம் உழுது அழிக்கப்பட்டது.

வரப்பு என்றதும் நினைவுக்கு வருகிறது. போலிஷில் அதற்கு 'மியெட்ஸா' என்று தனிச்சொல்லே உண்டு. நம் நெல்வயல் வரப்பு போலத் தண்ணீர் தேக்க அல்ல; இரண்டு பட்டைகளுக்கு நடுவே உழாமல் விட்ட புல்கீற்று. ஒரு ஜூன் மாதத்தில் அப்படி ஒன்றின்மேல் நடந்து போனேன். ஒரு பாதத்தின் முன் இன்னொன்று வைத்து நடக்கும் அளவுக்குத்தான் அகலம். இடப்பக்கம் இடுப்பளவு கோதுமை, வலப்பக்கம் வெள்ளைப் பூ பூத்த உருளைக்கிழங்கு. உருளைக்கிழங்குப் பட்டையின் குறுக்கே கண்ணாலேயே எண்ணிப் பார்த்தேன், பதினான்கு தப்படி வரும். அதற்கப்புறம் வேறொருவர் நிலம், ஓட்ஸ். நீளமோ, மேடேறி மறைகிறவரை போய்க்கொண்டே இருந்தது. காலடியில் சாமந்தி வகைப் பூக்கள், தேனீக்கள். ஒரு முயல் எழுந்து ஓடியது. உழுபடாத அந்தக் கீற்றுகளில்தான் கவுதாரியும் காட்டுத் தேனீயும் பிழைத்துக் கிடக்கின்றன. பெரிய பண்ணை நாடுகளில் இப்போது அரசு காசு கொடுத்து இதே புல்கீற்றுகளைத் திரும்ப வளர்க்கச் சொல்கிறது. இங்கே அண்ணன் தம்பி பாகப்பிரிவினை அதை இலவசமாகச் செய்து வைத்திருக்கிறது.

கொஞ்ச தூரத்தில் ஒருவர் சின்ன டிராக்டரில் மருந்து அடித்துக்கொண்டிருந்தார். தெளிப்பானின் இரண்டு கைகளில் ஒன்றை மேலே மடக்கிக் கட்டியிருந்தார். இரண்டையும் விரித்தால் பக்கத்துக்காரர் பயிரிலும் விழும். போகும்போது பட்டையின் ஒரு பாதி, திரும்பி வரும்போது மறு பாதி. அறுவடை இயந்திரத்துக்கும் இதே அவஸ்தை. பாதி நேரம் திரும்புவதிலும் அடுத்த பட்டைக்கு இடம் மாற்றுவதிலும் போய்விடும். படம் பார்த்து 'சொர்க்கம்' என்பவர்களிடம் இதைத்தான் சொல்லத் தோன்றும்: அழகாகத் தெரியும் ஒவ்வொரு கோடும் ஒரு விவசாயிக்கு டீசல் செலவு. போலந்தில் பண்ணையின் சராசரி அளவு 11 ஹெக்டேர் சொச்சம்; சுவொஷோவா இருக்கும் மாவோபோல்ஸ்கா மாகாணத்தில் 4 ஹெக்டேரைச் சற்றுத் தாண்டும், அவ்வளவுதான். அதில் மட்டும் குடும்பம் நடத்த முடியாது. வீட்டில் ஒருவராவது கிராகோவுக்கோ ஓல்குஷுக்கோ வேலைக்குப் போகிறார். வயல் மாலையிலும் சனிக்கிழமையிலும்.

பட்டைகளை ஒன்றாக்கி மறுபங்கீடு செய்ய அங்கே சட்டம் உண்டு. ஆனால் யாருடைய மண் யாருடையதற்குச் சமம் என்று பேச ஆரம்பித்தால் ஊர் இரண்டுபடும். தவிர, 2004-இல் போலந்து ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்த பிறகு ஹெக்டேர் கணக்கில் மானியம் வருகிறது. பயிர் செய்யச் சலித்தவர்கள்கூட நிலத்தை விற்காமல் வைத்துக்கொள்ள அது ஒரு காரணம்.

இன்னொரு வேடிக்கை, புது வீடுகள். போலந்துக் கட்டட விதிப்படி, சன்னல் உள்ள சுவர் பக்கத்து மனை எல்லையிலிருந்து 4 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். சன்னல் இல்லாத சுவர் என்றால் 3 மீட்டர். மனையோ பன்னிரண்டு, பதினைந்து மீட்டர் அகலம். இரண்டு பக்கமும் கழித்தால் என்ன மிஞ்சும்? எனவே பல வீடுகள் சாலைக்கு ஒடுங்கிய முகத்தைக் காட்டிக்கொண்டு, ரயில்பெட்டி போலப் பின்னால் நீளுகின்றன. வீடு, முற்றம், தானியக்கொட்டகை, நாலு ஆப்பிள் மரம், அப்புறம் வயல். எல்லாம் ஒரே வரிசையில், ஒன்றன்பின் ஒன்றாக. அப்பத்தாவின் பட்டைதான் பேரன் வீட்டின் அகலத்தைத் தீர்மானிக்கிறது.

போய்ப் பார்க்கலாமா என்று நினைப்பவர்களுக்கு: போங்கள், ஆனால் அந்தப் படம் கண்ணில் படும் என்று எதிர்பார்க்காதீர்கள். அது டிரோனில் எடுத்தது. தூரத்தை நெருக்கிக் காட்டும் லென்ஸ் என்றால் கோடுகள் இன்னும் அடர்த்தியாகத் தெரியும். சாலையில் நின்றால் தெரிவது வீட்டுச் சுவர்கள், வேலி, நிற்காமல் போகும் கார்கள், ஆங்காங்கே மேரி சொரூபம் வைத்த சின்னச் சிற்றாலயங்கள், அவ்வளவே. முதல் தடவை நானும் ஏமாந்தேன். பேருந்திலிருந்து இறங்கி, 'இதுதானா அது?' என்று ஒரு வேலியோரம் நின்றேன். ஏதாவது ஒரு வயல்பாதையில் பத்துப் பதினைந்து நிமிடம் மேடேற வேண்டும். திரும்பிப் பார்த்தால் எதிர்ச்சரிவு விரியும். படத்தில் உள்ள அளவு இல்லாவிட்டாலும் போதுமானது. வரப்பில் நடங்கள், பயிரை மிதிக்காதீர்கள். ஒருவர் பட்டையில் கால் தவறினால் அவருக்கு இருப்பதே பதினான்கு தப்படி.

அப்படியே ஊரின் கீழ்க்கோடிக்கு வந்துவிட்டால் கோட்டையும், அதன் காலடியில் 'ஹெர்குலிஸின் கதை' என்கிற பாறைத்தூணும். இது கையில் பிடிக்கும் கதாயுதம். ஏறக்குறைய 25 மீட்டர் உயரச் சுண்ணாம்புக்கல், மேலே பருத்துக் கீழே ஒடுங்கி, தலைகீழாக நட்ட உலக்கை போல நிற்கிறது. மந்திரவாதி ட்வர்டோஃப்ஸ்கி சாத்தானுக்கு இட்ட வேலைகளில் ஒன்று, பாறையை அதன் ஒடுங்கிய முனையில் நிறுத்திக் காட்டுவது என்று அங்கே கதை சொல்வார்கள். உண்மையில் இளகிய பாகம் மழையில் கரைந்து, கெட்டியான பாகம் மிஞ்சியது. அங்கிருந்து தெற்கே 1956-இல் அமைந்த ஓய்ட்சுஃப் தேசியப் பூங்கா. 21 சதுர கிலோமீட்டர்தான், போலந்தின் தேசியப் பூங்காக்களிலேயே சிறியது. நடந்தே முக்கால்வாசி பார்த்துவிடலாம். வழியில் ப்ரோன்த்னிக் தண்ணீரில் வளர்த்த டிரவுட் மீனைப் புகையூட்டியோ சுட்டோ தருவார்கள். முள் கம்மி. எலுமிச்சை மட்டும் பிழிந்து கொடுப்பார்கள், மிளகாய்ப்பொடி கையோடு எடுத்துப் போனால் தப்பில்லை.

கிராகோவிலிருந்து சிற்றுந்துகள் ஸ்காவா என்ற சிறுநகரம் வழியாக அந்தப் பக்கம் ஓடுகின்றன. ஞாயிற்றுக்கிழமை எண்ணிக்கை குறைவு, திரும்பி வரும் நேரத்தை முதலிலேயே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். மாதம் கேட்டால், மே கடைசியிலிருந்து ஜூலை நடுவரை. கடுகுக் குடும்பத்து ரேப்சீட் மஞ்சளைப் பார்க்க வேண்டும் என்றால் மே. கோதுமை பொன்னிறமாகவும் உருளைக்கிழங்கு இன்னும் பச்சையாகவும் இருந்து கோடுகள் பளிச்சென்று தெரிய வேண்டும் என்றால் ஜூலை. ஆகஸ்டில் அறுவடை தொடங்கிவிடும். பிறகு ஒவ்வொரு பட்டையாகப் பழுப்பாகும், அதுவும் ஒரே நாளில் அல்ல. யாருக்கு எந்தச் சனிக்கிழமை ஒழிகிறதோ அந்த வரிசையில்.